வீட்டுச் செடியில் சிலந்திப்பேன்: கேள்வி பதில்

கேள்வி (குன்னூர்): ஜன்னலோர ஐவிக் கொடி இலையில் ஊசி குத்தினாற்போல் வெளிர் புள்ளிகள். சிலந்திப்பேனா, சத்துக் குறைவா?

பதில்: இலைக்கடியில் வெள்ளைத் தாளைப் பிடித்துத் தட்டுங்கள். விழுந்த தூசி ஊர்ந்தால் பேன்தான். சத்துக் குறைந்தால் இலை பரவலாக வெளுக்கும், இப்படிப் புள்ளி விழாது. நூலாம்படை தெரியும்வரை காத்திருக்காதீர்கள். அதற்குள் செடி முழுக்கப் பரவியிருக்கும்.

கேள்வி (கோத்தகிரி): இமிடாகுளோபிரிட் என்ற பூச்சிமருந்து அடித்தும் பேன் கூடத்தான் செய்கிறது.

பதில்: கூடும். இது பூச்சியல்ல, சிலந்தி இனம், எட்டுக் கால். அந்த மருந்து இதைக் கொல்லாது, இதைத் தின்னும் பூச்சிகளைக் கொன்றுவிடும். தேயிலைக்கு வாங்கிய பேன் மருந்து மிச்சமிருந்தால் அதையும் வீட்டுக்குள் தெளிக்க வேண்டாம்.

கேள்வி (ஊட்டி): வேப்பெண்ணெய் ஒருமுறை அடித்தேன். போன பேன் இரண்டு வாரத்தில் திரும்பிவிட்டது. இத்தனை குளிரிலுமா?

பதில்: தப்பியது முட்டை. 30 டிகிரி வெப்பத்தில் மூன்று நாளில் பொரிக்கிற முட்டை, உங்கள் ஊர்க் குளிரில் ஒரு வாரத்துக்கு மேல் கிடக்கும். சமவெளிக்காரர்கள் சொல்கிற ‘மூன்று நாளுக்கொன்று, மூன்று தடவை’ இங்கே பலிக்காது. முட்டை பொரிக்கும் முன்பே நிறுத்திவிடுவீர்கள். ஆறு நாளுக்கொன்றாக நான்கு தடவை அடியுங்கள்.

முதலில் தொட்டி மண்ணைத் துணியால் மூடி, செடியைச் சாய்த்து, இலையின் அடிப்பக்கத்தைக் குழாய்த் தண்ணீரில் நன்றாகக் கழுவுங்கள். பாதி வேலை இதிலேயே முடியும். பிறகு 5 மில்லி வேப்பெண்ணெயை 2 மில்லி திரவ சோப்போடு குழைத்து, வெதுவெதுப்பான ஒரு லிட்டர் நீரைக் கொஞ்சம் கொஞ்சமாகச் சேருங்கள். நீரில் நேரே எண்ணெயை ஊற்றினால் மேலே மிதந்து, தெளிக்கும்போது இலையைக் கருக்கும். காலைக் குளிரில் எண்ணெய் உறைந்திருந்தால் பாட்டிலைச் சுடுநீரில் வையுங்கள். மாலையில், அடிப்பக்கம் சொட்டச் சொட்டத் தெளியுங்கள். மிச்சத்தை மறுநாளுக்கு வைக்காதீர்கள்.

ஹீட்டருக்குப் பக்கத்தில் இருக்கிற செடியைத் தள்ளி வையுங்கள். வெளியே மூடுபனி இருந்தாலும் அறைக் காற்று காய்ந்துதான் கிடக்கும். பேனுக்கு அது கொண்டாட்டம்.

கேள்வி (கொடைக்கானல்): பெரணிக்கும் இதே அளவா?

பதில்: கூடவே கூடாது. மெல்லிய இலைப் பெரணி எண்ணெய், சோப்பு இரண்டிலும் கருகும். வெறும் தண்ணீரில் கழுவி, மோசமான மட்டைகளை அடியோடு வெட்டுங்கள்.

கேள்வி (குன்னூர்): நனையும் கந்தகம் (நீரில் கலந்து தெளிக்கும் கந்தகத் தூள்) அடிக்கலாமா?

பதில்: வராந்தா ரோஜாவுக்கு லிட்டருக்கு 2 கிராம். வேப்பெண்ணெய் அடித்து இரண்டு வாரம் ஆகாமல் தொடாதீர்கள், இலை பொசுங்கும்.