ப்ராஜெக்ட் ஸோம்பாய்டு: கேளுங்க, சொல்றேன்

தி இண்டி ஸ்டோன்ங்கிற சின்ன டீம் 2013 நவம்பர்ல ஸ்டீம்ங்கிற ஆன்லைன் கேம் கடையில எர்லி ஆக்சஸ்ல, அதாவது முழுசா முடியறதுக்கு முன்னாடியே, விட்ட ஸோம்பி சர்வைவல் கேம். கதை நடக்கறது 1993 ஜூலை, அமெரிக்காவுல கென்டக்கி. செத்தா அந்த ஆளோட கதை அவ்ளோதான். சென்னைப் பக்கம் இருந்து வந்த கேள்விகளுக்கு என் அனுபவத்துல இருந்து பதில்.

வேளச்சேரி: அண்ணா, பத்து வருஷம் தாண்டியும் முடியாத கேமுக்கு காசு போடலாமா?

வரப்போறதை நம்பிப் போடாதப்பா. இன்னைக்கு இருக்கறது பிடிச்சா மட்டும் வாங்கு. என்னைக் கேட்டா, இருக்கறதே மாசக்கணக்குல ஆடலாம். வாங்கி 14 நாளுக்குள்ள, ஆடினது 2 மணி நேரத்துக்குள்ள இருந்தா ஸ்டீம்ல ரீஃபண்ட் கேக்கலாம். டுடோரியலும் அந்தக் கணக்குல சேரும், நேரத்தைப் பார்த்துக்கோ.

அண்ணா நகர்: முதல் வாரமே தாண்ட மாட்டேங்குது. சண்டையெல்லாம் நல்லாத்தான் போடறேன்.

சண்டை இல்லைங்க, சத்தம்தான் கொல்லுது. ஜன்னலை உடைச்சா ஒரு தெரு திரும்பும். துப்பாக்கி சுட்டா ஊரே வரும். நார்மல் செட்டிங்ல 6-ல இருந்து 9-ம் நாளுக்குள்ள ஒரு ஹெலிகாப்டர் வரும், அது சுத்தற பக்கமெல்லாம் ஸோம்பி இழுபட்டு வரும். அதனால 5-ம் நாளுக்குள்ள ஊருக்கு வெளிய ஒரு வீடு பிடிச்சு, சாப்பாடு சேத்து வெச்சிடுங்க.

தண்ணியும் கரண்டும் முதல் 30 நாளுக்குள்ள என்னைக்கு வேணா நிக்கும். 2019-ல லாரிக்குக் குடம் வரிசை வெச்ச ஊர்க்காரங்களுக்கு இதைச் சொல்லித் தரணுமா? குழாய்ல வரும்போதே பாட்டில், பானைன்னு கிடைக்கற எல்லாத்துலயும் பிடிச்சு வைங்க. மழைத்தண்ணி பீப்பாய்ல பிடிக்கறதை காய்ச்சித்தான் குடிக்கணும். முதல் தடவை என் ஆள் அப்படியே குடிச்சான், மூணு ஸோம்பியை எதிர்த்து நிக்கக்கூட தெம்பில்லாம போனான். இன்னைக்கும் மனசு ஆறல.

குரோம்பேட்டை: பில்டு 41-ஆ, 42-ஆ?

பில்டுன்னா கேமோட வெர்ஷன். புதுசா ஆரம்பிச்சா 42 பாருங்க. அது 2024 டிசம்பர்ல அன்ஸ்டேபிள், அதாவது இன்னும் சரிபண்ணிட்டு இருக்கறதுன்னு சொல்லித்தான் வந்துச்சு, அப்போ மல்டிபிளேயரே கிடையாது. 41-ல வளர்த்த சேவ் (ஆடினது பதிவாகற ஃபைல்) 42-ல ஓடாது. ஏற்கெனவே ஒரு ஆட்டத்துல நடுவுல இருக்கறவங்க ஸ்டீம்ல ப்ராப்பர்ட்டீஸ், பீட்டாஸ் போய் எந்த பில்டுன்னு உறுதி பண்ணிட்டு ஆடுங்க.

பெரம்பூர்: கரண்ட் போச்சு, திரும்ப வந்து பார்த்தா சேவ் கெட்டிருக்கு.

எனக்கும் ஒரு மே மாசம் இதே ஆச்சு. நாலு மாசம் உயிரோட வெச்சிருந்த ஆள் போயிட்டான். இப்போ ஆடி முடிச்சதும் யூசர் ஃபோல்டர்ல ஸோம்பாய்டு, அதுக்குள்ள சேவ்ஸை அப்படியே பென்டிரைவுக்கு காப்பி பண்றேன். ரெண்டு நிமிஷ வேலை, தவறவிடாதீங்க.

ஆவடி: பக் சொன்னா டெவலப்பர்ஸ் பாக்கறாங்களா?

"கேம் கிராஷ் ஆகுது"ன்னு மட்டும் எழுதினா அவங்களால ஒண்ணும் பண்ண முடியாது. முதல்ல மாட்ஸ் (mods, மத்த ஆட்டக்காரங்க கேமுக்கு செஞ்ச கூடுதல் சேர்க்கை) எல்லாத்தையும் ஆஃப் பண்ணிட்டு அதே தப்பு வருதான்னு பாருங்க. வந்தா பில்டு நம்பர், எந்த ஊர், கையில என்ன, கடைசியா எதை அழுத்தினீங்கன்னு வரிசையா எழுதுங்க. அதே ஸோம்பாய்டு ஃபோல்டர்ல கன்சோல் டெக்ஸ்ட் ஃபைல் இருக்கும், கேமை மறுபடி திறக்கறதுக்கு முன்னாடியே காப்பி எடுத்து சேர்த்து அனுப்புங்க. முடியாத கேமை வாங்கினவங்க செய்யக்கூடிய பெரிய உதவி இதுதான்.

தாம்பரம்: ஹெட்ஃபோன் அவசியமா?

கண்டிப்பா. ரிச்சி ஸ்ட்ரீட்ல சாதாரணமா ஒண்ணு எடுத்தாலே போதும். முதுகுக்குப் பின்னாடி கதவைத் தட்டறது எந்தப் பக்கம்னு தெரியணும், அவ்ளோதான்.