பாட்டி ஓட்டட்டும்: வாசகர் கேள்வி பதில்

தீபாவளி விளம்பரங்களுக்குக் கதை தேடும் பருவம் இது. முதியவர்களை வைத்து மனத்தைத் தொடும் கார் விளம்பரம் எடுப்பது பற்றி வந்த கேள்விகளை இந்த முறை ஒன்றாக எடுத்துக்கொண்டோம்.

60 விநாடிக் கதை எழுதினேன். பட்டர்வொர்த்தில் பாட்டி வாசலில் காத்திருக்கிறார். கோலாலம்பூரிலிருந்து மகன் புதுக் காரில் வந்து இறங்குகிறான். பாட்டிக்குக் கண் கலங்குகிறது. கார் நிறுவனம் ‘எங்கேயோ பார்த்த மாதிரி இருக்கிறதே’ என்று திருப்பி அனுப்பிவிட்டது. எங்கே பிசகியது?
– பிரிக்பீல்ட்ஸ், கோலாலம்பூர்

காரை எடுத்துவிட்டு அந்த இடத்தில் விரைவு பஸ்ஸை வைத்துப் பாருங்கள். கதை அப்படியே நிற்கிறது அல்லவா? அதுதான் பிசகு. பார்த்தவர் அழுதிருப்பார், எந்தக் கார் என்று கேட்டால் விழிப்பார். இரண்டாவது குறை, பாட்டிக்கு வேலையே இல்லை. காத்திருக்கிறார், கலங்குகிறார், அவ்வளவுதான்.

அதே வீடு, அதே ஆட்களை வைத்துக்கொண்டு வேறு வழியில் போகலாம். முதல் 10 விநாடி: இரவு, மகன் காரை நிறுத்திவிட்டுச் சாவியை நாள்காட்டிப் பக்கத்து ஆணியில் மாட்டுகிறான். அடுத்த 15: காலையில் அவசரமாகக் காரில் ஏறுகிறான், முழங்கால் ஸ்டியரிங்கில் இடிக்கிறது. இருக்கை ஒரு சாண் முன்னே தள்ளியிருக்கிறது, உயர்த்தியும் இருக்கிறது. அடுத்த 20: உள்கண்ணாடியைப் பார்க்கிறான். பின்னால் வரும் சாலைக்குப் பதில் பின்னிருக்கை தெரிகிறது. அதில் அம்மாவின் பசார் கூடை, கீரைக்கட்டு நீட்டிக்கொண்டு. அடுத்த 10: நெம்புகோலை ஒருமுறை ‘டக் டக்’ என்று தொட்டுவிட்டு, இருக்கையை நகர்த்தாமலே இறங்கி, மறுபக்கம் போய் உட்கார்ந்து இருக்கை வார் மாட்டிக்கொள்கிறான். அம்மா வந்து ஓட்டுநர் கதவைத் திறக்கிறார். கடைசி 5 நிறுவனச் சின்னத்துக்கு. வசனம் வேண்டுமென்றால் அம்மா ‘பசியாறிட்டியா?’ என்று கேட்டால் போதும்.

கண்ணாடியில் பின்னிருக்கை தெரிவது கற்பனை அல்ல. குட்டையானவருக்காகத் திருப்பிய கண்ணாடியில் உயரமானவர் பார்த்தால் கீழ்ப்பகுதிதான் தெரியும். ஆனால் கேமராவை மகனின் கண் இருக்கும் இடத்திலேயே வைக்க வேண்டும். ஒரு கை தள்ளி வைத்தாலும் கூடை தெரியாது.

இதில் கெட்டுப்போகக்கூடியவை மூன்று. முதலாவது, மின்சார இருக்கையும் நினைவுப் பொத்தானும் உள்ள உயர்ரக வண்டியைக் கொடுத்துவிடுவார்கள். கதவைத் திறந்ததும் இருக்கை தானாகப் பின்னே போய்விடக்கூடும், கதை அங்கேயே செத்துவிடும். கையால் இழுக்கும் வகையைக் கேட்டு வாங்குங்கள். தண்டவாளத்தில் இருக்கை நிற்கும் இடத்தை ஒட்டுநாடாவால் குறித்து வையுங்கள். நாலு முறை எடுத்த பிறகு பழைய இடம் யாருக்கும் நினைவிருக்காது. இரண்டாவது, உயரம் குறைந்த ஓட்டுநரை ஸ்டியரிங்கோடு ஒட்டி உட்கார வைத்துவிடுவது. நெஞ்செலும்புக்கும் ஸ்டியரிங்கின் நடுவுக்கும் குறைந்தது 25 செ.மீ. இடைவெளி வேண்டும், காற்றுப்பை விரிய. அதனால் முன்னே தள்ளுவதைக் குறைத்து உயர்த்துவதைக் கூட்டுங்கள். மூன்றாவது, உரிமம். அம்மாவாக நடிப்பவரிடம் ‘டிஏ’ உரிமம் மட்டும் இருந்தால் ஆட்டோ கியர் வண்டிதான் ஓட்டலாம். காலாவதித் தேதியையும் பார்த்துவிடுங்கள்.

இருக்கை நெம்புகோலின் ‘டக் டக்’ ஒலியைத் தனியாக, மைக்கை இருக்கைக்கு அடியில் வைத்துப் பதியுங்கள். அந்த ஒலிதான் இந்த 60 விநாடியின் வசனம்.

முதியவரைக் காட்டினால் ‘கிழவர் கார்’ என்று பெயராகிவிடும், இளையவர்கள் வாங்கமாட்டார்கள் என்கிறது எங்கள் விற்பனைப் பிரிவு.
– ஜெலுத்தோங், பினாங்கு

இந்தப் பயத்தை வெளிப்படையாக விளம்பரத்தில் போட்ட நிறுவனம் ஒன்று உண்டு. அமெரிக்காவின் ஓல்ட்ஸ்மொபில் 1988இல் ‘இது உங்கள் அப்பாவின் ஓல்ட்ஸ்மொபில் அல்ல’ என்று இளையவர்களைக் கூப்பிட்டது. அப்பா தலைமுறைதான் அதுவரை அந்தக் காரை வாங்கிக்கொண்டிருந்தது. அவர்களைத் தள்ளி வைத்த வாசகம் அது. 1897இல் தொடங்கிய அந்தப் பெயர் 2004இல் மூடப்பட்டது. மூடியதற்கு ஒரு வாசகம் மட்டும் காரணமில்லை, ஒன்றைப்போலவே ஒன்று இருந்த கார்களும் காரணம். ஆனாலும் இருக்கும் வாடிக்கையாளரைக் கேலி செய்து புதியவரைப் பிடிக்க முடியாது என்பதற்கு விளம்பரத் துறையில் இன்றும் அதைத்தான் உதாரணமாகச் சொல்கிறார்கள்.

‘கிழவர் கார்’ ஆவது வயதால் அல்ல, காட்டும் விதத்தால். பின்னிருக்கையில் சால்வை போர்த்தி உட்கார வைத்தால் ஆகும். ஏர் ஈத்தாம் மலைப்பாதையில் அவரே வளைத்து ஓட்டினால் ஆகாது.

மறதி நோயுள்ள பாட்டியைப் பேத்தி பழைய காரில் அழைத்துப்போகும் அமெரிக்க விளம்பரம் பார்த்தேன். அதுபோல நம்மூரில் பழைய புரோட்டோன் சாகாவை வைத்துச் செய்யலாமா?
– செந்தூல், கோலாலம்பூர்

நீங்கள் சொல்வது செவர்லே 2023 ஆண்டிறுதிக்கு வெளியிட்டது. 1972ஆம் ஆண்டு சபர்பன் வண்டியில் பேத்தி பாட்டியைப் பழைய இடங்களுக்கு ஓட்டிப்போவாள். 2021இல் அதே நிறுவனம் மனைவியை இழந்த ஒருவருடைய 1966 இம்பாலாவை மகள் ரகசியமாகப் புதுப்பித்துத் தரும் கதையைச் சொன்னது. இரண்டிலும் பாரத்தைச் சுமப்பது பழைய கார். விற்கப்போகும் கார் அடக்கமாக ஓரத்தில் நிற்கிறது. ஐம்பது ஆண்டுக்கு முன்பே மக்கள் வீட்டில் நின்ற பெயர் என்பதால் அவர்களுக்கு அது செல்லும்.

புரோட்டோனுக்கும் செல்லும். முதல் சாகா வந்தது 1985 ஜூலையில். பினாங்குப் பாலம் திறக்கப்பட்டதும் அதே ஆண்டுதான். 1994இல் கஞ்சில் கார் வந்ததால் பெரோடுவாவுக்கும் ஓரளவு செல்லும். நேற்று இந்த நாட்டுக்குள் வந்த மின்சாரக் கார் நிறுவனம் இதே கதையை எடுத்தால் கடன் வாங்கிய கண்ணீராகிவிடும். அவர்களுக்குத் தாத்தா சார்ஜர் போடக் கற்றுக்கொள்ளும் கதைதான் பொருந்தும். அதிலும் பேரன் சொல்லித் தருவதைவிட, பேரன் மறந்த சார்ஜிங் அட்டையைத் தாத்தா சட்டைப்பையிலிருந்து எடுப்பது நன்றாக இருக்கும்.

எழுதுகிறவர்கள் அடிக்கடி சறுக்கும் இடம் வயதுக் கணக்கு. 72 வயதுப் பாட்டி என்றதும் வெள்ளைக்காரன் காலத்து ரப்பர் தோட்டத்தைக் கறுப்பு வெள்ளையில் காட்டிவிடுகிறார்கள். அவர் 1950களில் பிறந்தவர். 1957இல் சிறு பிள்ளை. அவருடைய இளமை 1970கள்: டட்சன் 120ஒய், ஹோண்டா கப்சாய் மோட்டார் சைக்கிள், கேசட், பெல்பாட்டம் போட்ட அண்ணன்மார். முதல் சாகா வந்தபோது முப்பதைத் தொட்டு, பிள்ளை குட்டியோடு இருந்தவர். நினைவுக் காட்சி வண்ணத்தில்தான் வர வேண்டும்.

முதல் சாகா மிட்சுபிஷி லான்சர் பியோரேயை அடியொற்றியது, கார்புரேட்டர் எஞ்சின். இன்று கிடைக்கும் வண்டிகள் வெயிலில் மெதுவாக ஊர்ந்தால் சூடேறும், டாஷ்போர்டு வெடித்திருக்கும், ஏர்கான் பெரும்பாலும் பேருக்குத்தான். அதனால் ஓடும் காட்சிகளை இழுவை வண்டியில் ஏற்றி எடுங்கள். எஞ்சின் ஒலியைத் தனியே, நின்ற நிலையில் பதியுங்கள். சாலை வரி, காப்புறுதி உண்டா என்று வாடகைக்கு எடுக்கும் முன்பே பாருங்கள். பின்னிருக்கை வார் நம் நாட்டில் கட்டாயமானது 2009 ஜனவரி 1 முதல். 1985 காட்சியில் பின்னால் நாலு பிள்ளைகள் வார் இல்லாமல் நெருக்கியடித்து உட்காரலாம், இன்றைய காட்சியில் கூடாது.

மறதி நோயைத் தொடுவதானால் ஒரு கட்டுப்பாடு: கார் குணப்படுத்துவதாக ஒரு கணமும் தோன்றக்கூடாது. பழைய பொருள், பழைய பாட்டு சில நேரம் நினைவைத் தட்டும். தட்டிவிட்டு அது போய்விடும். அந்தப் ‘போய்விடும்’ பகுதியை வெட்டச் சொன்னால் கதையையே விட்டுவிடுங்கள்.

படப்பிடிப்பில் 75 வயதுத் தாத்தா. வெளிச்சம், வெயில், மூக்குக்கண்ணாடி எல்லாமே தகராறு. என்ன செய்வது?
– பட்டர்வொர்த்

நேரத்திலிருந்து தொடங்குங்கள். காலை 7.30 முதல் 9.30, மாலை 5.30 முதல் 7 மணி. நடுப்பகல் வெயில் தலைக்கு நேர் மேலே நிற்கும். கண்குழி கறுத்து, நல்ல மனிதர்கூட நோயாளியாகத் தெரிவார். முகத்துக்கு வெளிச்சம் பக்கவாட்டிலிருந்து, துணித்திரை வழியாக வரட்டும். நேர் முன்னால் கொட்டினால் சுருக்கம் மறைந்து முகம் மொழுமொழுவென்று ஆகும். அந்தச் சுருக்கத்துக்காகத்தானே அவரைக் கூப்பிட்டோம். பளீர் வெள்ளை வேட்டி, வெள்ளைக் கார் இரண்டும் சேர்ந்தால் முகம் இருண்டுவிடும். சந்தன நிற வேட்டி கொடுங்கள்.

காரின் முன்கண்ணாடியில் வானம் பிரதிபலித்தால் கேமராவில் போலரைசர் (பிரதிபலிப்பைக் குறைக்கும் வடிகட்டி) போடுவார்கள். அதனால் வெளிச்சம் ஒன்றரை முதல் இரண்டு ஸ்டாப் குறையும் (ஒரு ஸ்டாப் என்றால் வெளிச்சம் பாதியாவது). யாரும் எதிர்பாராத வேறு இரண்டு வேலையும் அது செய்யும்: பக்கக் கதவுக் கண்ணாடி கடினமாக்கப்பட்ட கண்ணாடி என்பதால் புள்ளி புள்ளியாகத் திட்டுகள் தெரியும், சில கார்களின் டிஜிட்டல் திரை கறுத்தே போகும். திரையைக் காட்டும் காட்சிக்குப் போலரைசரைக் கழற்றிவிடுங்கள். படப்பிடிப்புக்குக் கறுப்புத்தாள் ஒட்டாத வண்டியைக் கேளுங்கள். முன்பக்கக் கதவுக் கண்ணாடியில் சட்டம் அனுமதிக்கும் 50 விழுக்காட்டுத் தாளே வெளிச்சத்தைப் பாதியாக்கிவிடும்.

மூக்குக்கண்ணாடி பளிச்சிட்டால் அதன் காம்புகளைக் காதிலிருந்து சில மில்லிமீட்டர் தூக்கி வைத்தால் கண்ணாடி லேசாகக் கீழே சாயும், பளபளப்பு போய்விடும். வெயிலில் தானாகக் கறுக்கும் கண்ணாடி போட்டவர் என்றால் கவனம்: வெளியே கறுக்கும், காருக்குள் தெளிந்துவிடும். இறங்குகிறவருக்கு ஒரு கண்ணாடி, ஏறியவருக்கு வேறு கண்ணாடி போலத் தெரியும். அதே மாதிரிக் கண்ணாடிச் சட்டத்தில் சாதாரண வில்லை போட்டு இன்னொன்று செய்து வையுங்கள்.

இனி முக்கியமானது. ஒலிப்பதிவுக்காக ஏர்கானை நிறுத்துவார்கள். வெயிலில் நிற்கும் காருக்குள் பத்து நிமிடத்தில் ஏறக்குறைய 10 பாகை ஏறிவிடும். முதியவர் உடம்பு அதை மெதுவாகத்தான் உணரும், ‘பரவாயில்லை’ என்று சொல்லிக்கொண்டே மயங்குவார். அவரைக் கேட்டு முடிவு செய்யாதீர்கள், கடிகாரத்தைப் பாருங்கள்: மூன்று நிமிடத்துக்கு ஒருமுறை கதவைத் திறங்கள். இரத்த அழுத்தத்துக்கு நீர் பிரியும் மாத்திரை சாப்பிடுகிறவருக்குக் கழிப்பறை பக்கத்தில் இருக்க வேண்டும். இல்லாவிட்டால் கூச்சப்பட்டுத் தண்ணீரே குடிக்கமாட்டார். நீரிழிவுக்காரருக்கு 12.30 சாப்பாடு என்றால் 12.30தான். வெளிச்சம் சரிபார்க்கும்போது உட்கார அதே உயரத்தில் வேறொருவரை வையுங்கள்.

ஏறுவதற்கும் ஒரு முறை உண்டு. முதலில் இடுப்பை இருக்கையில் வைத்து, பிறகு இரண்டு காலையும் சேர்த்து உள்ளே திருப்புவது. இளையவர்போல ஒரு காலை உள்ளே விட்டு ஏறச் சொல்லாதீர்கள். முழங்கால் வலி முகத்தில் வந்துவிடும். ஏறி இறங்கும் காட்சியை மூன்று முறைக்கு மேல் எடுக்க வேண்டாம்.

கண்ணீருக்குக் கிளிசரின் போடலாமா?
– கெப்போங், கோலாலம்பூர்

வேண்டாம். அந்த வயதில் கண் உலர்வு சாதாரணம். எரிச்சல் மாலை வரை போகாது. அழாத முதியவரைப் பார்த்துத்தான் பார்ப்பவர் அழுவார்.

பழைய தமிழ்ப் பாட்டு ஒன்றை வானொலியில் ஒலிப்பதுபோல வைத்தால் உரிமை வாங்க வேண்டுமா?
– பிறை

வேண்டும். ‘வானொலியில் ஒலிக்கிறது’ என்பது கதைக்குள்தான். சட்டத்துக்கு அது விளம்பர இசை. மெட்டு, வரிகள் ஒரு பக்கம். ஒலிப்பதிவு இன்னொரு பக்கம். இரண்டுக்கும் தனித்தனி அனுமதி. மலேசியச் சட்டத்தில் ஒலிப்பதிவுக்கு வெளியீட்டிலிருந்து 50 ஆண்டு, மெட்டுக்கும் வரிக்கும் ஆக்கியவர் இறந்து 50 ஆண்டு. இந்தியாவில் இரண்டும் 60. இணையத்தில் போட்டால் இந்தியாவிலும் ஒலிக்கும், மறக்க வேண்டாம். வேறு குரலில் பாடிப் பதிந்தால் ஒலிப்பதிவு உரிமைச் செலவு போகும். மெட்டின் உரிமை அப்படியே நிற்கும்.

நடிகர் வேண்டாம், எங்கள் தெருவில் இருக்கும் பாட்டியையே நடிக்க வைக்கலாம் என்று நினைக்கிறோம். ஒப்பந்தத்தில் என்ன பார்க்க வேண்டும்?
– ஏர் ஈத்தாம், பினாங்கு

நல்ல முடிவு, வசனத்தைக் குறைத்துக்கொண்டால். மனப்பாடம் செய்து சொல்ல வைத்தால் பாட்டி காணாமல் போய் மேடைப் பேச்சு வந்துவிடும். கையில் ஒரு வேலையைக் கொடுத்துப் பேச விடுங்கள்.

ஒப்பந்தம் தமிழில் இருக்கட்டும், அவருக்கு வாசித்துக் காட்டுங்கள். பிள்ளைகள் கையெழுத்துப் போட்டால் போதாது, ஒப்புதல் அவருடையது. எத்தனை மாதம், எந்தெந்த ஊடகம், எந்த நாடுகள் என்று எழுதுங்கள். ‘என்றென்றும், எல்லா ஊடகத்திலும்’ என்ற வரி இருந்தால் அடித்துவிடச் சொல்லுங்கள். பணம் அவர் பெயரில் உள்ள கணக்குக்கே போகட்டும். எல்லாரும் எழுதக் கூசும் ஒரு விதி: ஒளிபரப்புக் காலத்துக்குள் அவர் காலமானால் என்ன செய்வது? குடும்பத்தில் ஒருவரைக் குறிப்பிட்டு, அவரைக் கேட்ட பிறகே தொடர்ந்து ஒளிபரப்புவது என்று இப்போதே எழுதிவிடுங்கள். எழுதாமல் விட்டால், கருமாதி முடியாத வீட்டுத் தொலைக்காட்சியில் பாட்டி கார் ஓட்டிக்கொண்டிருப்பார்.

ஜார்ஜ்டவுன் தெருவில் எடுக்க யாரிடம் அனுமதி? எண் பலகையில் காரின் பெயரைப் போடலாமா?
– ஜார்ஜ்டவுன்

ஃபினாஸ் (தேசியத் திரைப்பட மேம்பாட்டுக் கழகம்) தரும் படப்பிடிப்புச் சான்றிதழ், தெருவுக்குப் பினாங்கு மாநகராட்சி, போக்குவரத்தை நிறுத்துவதானால் போலீஸ், டிரோன் பறக்கவிட்டால் விமானப் போக்குவரத்து ஆணையம். காரின் பெயர் போட்ட பலகையோடு திறந்த சாலையில் ஓட்டுவது குற்றம். மூடிய தெருவில், அல்லது நின்ற நிலையில் மட்டும் மாட்டுங்கள். மற்ற இடங்களில் பதிவு எண்ணோடு எடுத்துப் பிறகு கணினியில் மாற்றலாம். கதைக்குள் எண் தெரிகிறது என்றால், வீட்டில் நிற்கும் பழைய காருக்குப் பினாங்கின் ‘பி’ (P), மகன் கோலாலம்பூரிலிருந்து ஓட்டி வருவதற்கு ‘டபிள்யூ’ (W) அல்லது ‘வி’ (V). பினாங்குக்காரர்கள் அதைத்தான் முதலில் பார்ப்பார்கள்.