கைவிட்ட வடிவங்களில் கதை கற்கலாம்

கேள்வி: சிறுகதைகளும் குறும்படக் கதைகளும் எழுதுகிறேன். கரு நன்றாக இருப்பதாகச் சொல்பவர்களே, பாதியில் சலிப்பூட்டுகிறது என்கிறார்கள். கதை சொல்லும் நுட்பத்தைக் கற்க அனிமேஷன் படங்களைத் திரும்பத் திரும்பப் பார்க்கிறேன். ரசிக்க முடிகிறதே தவிர, எதுவும் பிடிபடவில்லை. எப்படிப் பார்ப்பது?

பதில்: முடிந்த படத்தில் தையல் தெரியாது. அது முதலில் எப்படி இருந்தது, ஏன் மாற்றினார்கள் என்று தேடிப் படியுங்கள். இயக்குநர்களே பேட்டிகளில் தாராளமாகச் சொல்லியிருக்கிறார்கள்.

'ஃபைண்டிங் நீமோ' (2003) படத்தின் தொடக்க வடிவத்தில், தாய் மீன் இறந்த கதையை இயக்குநர் ஆண்ட்ரூ ஸ்டான்டன் முன்கதைத் துணுக்குகளாகப் படம் நெடுகத் தூவியிருந்தார். அதனால் தந்தை மார்லின், காரணமே இல்லாமல் பிள்ளையை நச்சரிப்பவராகத் தெரிந்தார். பிறகு அந்தச் சம்பவம் அப்படியே படத்தின் தொடக்கத்துக்கு வந்தது. பரக்கூடா மீன் தாக்கிய பிறகு மிஞ்சுவது ஒரே ஒரு முட்டை. அதைப் பார்த்துவிட்டவர்களுக்கு, பள்ளிக்குப் போகும் மகனின் பின்னாலேயே மார்லின் பதறி ஓடும்போது எரிச்சல் வருவதில்லை. அவருடைய பயம் நமக்கும் தொற்றிக்கொள்கிறது. வசனத்தைச் செதுக்கித் தீர்க்க முடியாத சிக்கல், வரிசையை மாற்றியதில் தீர்ந்தது. நீங்கள் கடைசித் திருப்பத்துக்காகப் பொத்திவைத்திருக்கும் ரகசியத்தையும் முதல் பக்கத்திலேயே போட்டு உடைத்துப் பாருங்கள். புதிதாக எழுதுபவர்களுக்குத் திருப்பத்தின் மீது தீராத மோகம். என் கணக்கில் பெரும்பாலும் நஷ்டம்தான்.

ஒரு சிறுமியின் மனத்துக்குள் இருக்கும் உணர்ச்சிகளே 'இன்சைட் அவுட்' (2015) படத்தின் பாத்திரங்கள். அந்தக் கதையில் மகிழ்ச்சிக்கு வழித்துணையாக முதலில் இருந்தது பயம். பிறகுதான் அந்த இடத்துக்குச் சோகம் வந்தது. மகிழ்ச்சி யாரை ஒதுக்க நினைக்கிறாளோ அவளுடனேயே நடக்க வேண்டிய நிலை வந்ததும், கதை தானே நகர்கிறது.

அனிமேஷன் செலவு மிக்க வேலை. அதனால் ஸ்டோரிபோர்டு ஓவியங்களை, அதாவது காட்சிகளை வரிசையாகக் காட்டும் கோட்டோவியங்களை,  தற்காலிகக் குரல்களோடு கோத்து, முழுப்படம் போல ஓட்டிப் பார்த்து, பலமுறை கலைத்து அடுக்குகிறார்கள். (கதை முடிவாகும் முன்பே படம் வளரத் தொடங்கிவிடும் ஜப்பானிய அனிமேஷன் இயக்குநர் மியாசாகியின் வழி வேறு, தொடக்கத்தில் அதைப் பின்பற்ற வேண்டாம்.)

உங்களுக்குக் காகித அட்டைகள் போதும். ஒரு காட்சிக்கு ஓர் அட்டை, ஒரே வரி. அடுத்தடுத்த இரண்டு அட்டைகளுக்கு நடுவே 'அதனால்' அல்லது 'ஆனால்' பொருந்துகிறதா? 'பிறகு' மட்டுமே பொருந்தினால், தொய்வு அங்கேதான். சரிசெய்தபின் அட்டைகளை வரிசையாக வைத்து, ஒருவரிடம் வாய்மொழியாகக் கதையைச் சொல்லுங்கள். அபிப்பிராயம் கேட்காதீர்கள். அவர் கவனம் எந்த அட்டையில் சிதறியது என்று மட்டும் குறித்துக்கொள்ளுங்கள். திருத்தும்போது அதற்கு இரண்டு அட்டைகள் முன்னிருந்து தொடங்குங்கள். பிழை பெரும்பாலும் அங்கேதான் இருக்கும்.