லீக்கில் ‘எக்ஸிகியூட்டிவ்’ வேலை: முன்பணம் கட்டலாமா?

கேள்வி: எனக்கு 27 வயது. வணிகவியல் படித்துவிட்டு மூன்று ஆண்டுகளாகக் காப்பீட்டு நிறுவனத்தில் விற்பனைப் பிரிவில் இருக்கிறேன். விளையாட்டு, பொழுதுபோக்குத் துறையில் நிர்வாகியாக வேண்டும் என்பது நெடுநாள் ஆசை. ஆறு மாதச் சான்றிதழ் படிப்பு முடித்தால் பெரிய லீக் ஒன்றில் ‘எக்ஸிகியூட்டிவ்’ வேலை உறுதி என்கிறது ஓர் ஏஜென்சி. கட்டணத்தோடு ‘பிளேஸ்மென்ட்’ முன்பணமும் கேட்கிறார்கள். கட்டலாமா?

பதில்: கட்டாதீர்கள். படிப்பைப் பற்றி அப்புறம் யோசிக்கலாம், அந்த முன்பணம் வேண்டவே வேண்டாம். எந்த லீக்கும் தன் ஊழியரை எடுக்க வெளியாள் ஒருவரை உங்களிடம் காசு வாங்கச் சொல்வதில்லை. ஆள் தேடித்தரும் நிறுவனத்துக்குக் கட்டணம் கொடுப்பது வேலை கொடுப்பவர்தான்.

முதலில் அந்தச் சொல்லைப் பாருங்கள். செய்தியில் ‘ஸ்போர்ட்ஸ் எக்ஸிகியூட்டிவ்’ என்றால் லீக்கை நடத்துகிறவர். வேலைக் கடிதத்தில் அதே சொல் பெரும்பாலும் அடிப்படிப் பதவி: டிக்கெட் விற்பவர், ஸ்பான்சர்களுக்குத் தொலைபேசியில் பேசுபவர். இடைத்தரகர்கள் முதலாவதைக் காட்டி இரண்டாவதை விற்கிறார்கள். அதுவும் பல நேரம் போட்டித்தொடர் முடிகிற நாளோடு முடிந்துவிடும். ‘இறுதிப் போட்டிக்கு மறுநாளும் எனக்குச் சம்பளம் உண்டா?’ என்று கேட்டுப் பாருங்கள். பதில் மழுப்பலாக வந்தால் எழுந்து வந்துவிடுங்கள்.

வீரர்களோடு எடுத்த படங்களைக் காட்டுவார்கள். நம்பாதீர்கள். கழுத்தில் ஒரு பாஸ் தொங்கினால் யார் வேண்டுமானாலும் அப்படிப் படம் எடுத்துக்கொள்ளலாம். தன்னார்வலருக்குக் கொடுக்கும் பாஸை ‘வேலை அனுபவம்’ என்று விலை பேசியவர்களை நானே பார்த்திருக்கிறேன்.

இந்தத் துறைக்குப் பணம் வருவது ஒளிபரப்பு உரிமை, ஸ்பான்சர், டிக்கெட் ஆகியவற்றிலிருந்து. மூன்றுமே விற்பனையும் ஒப்பந்தமும்தான். அதனால்தான் மேலே வந்தவர்களில் வழக்கறிஞர்களும் விற்பனைக்காரர்களும் அதிகம். மார்க் மெக்கார்மாக் ஒரு வழக்கறிஞர். கோல்ஃப் வீரர் ஆர்னால்ட் பாமரோடு கைகுலுக்கி 1960இல் தொடங்கியதுதான் ஐ.எம்.ஜி. என்ற விளையாட்டு மேலாண்மை நிறுவனம். டேவிட் ஸ்டெர்ன் 1978இல் அமெரிக்கக் கூடைப்பந்து லீக்கான என்.பி.ஏ.வின் சட்ட ஆலோசகராகச் சேர்ந்தார், 1984இல் அதன் ஆணையரானார், அதாவது தலைமை நிர்வாகி. ஹாலிவுட்டின் பெரிய நிர்வாகி பேரி டில்லர் தொடங்கியது நடிகர்களுக்கு வாய்ப்புத் தேடித்தரும் வில்லியம் மோரிஸ் ஏஜென்சியின் தபால் அறையில். ரோஜர் குடெல் அமெரிக்கக் கால்பந்து லீக்கான என்.எஃப்.எல். அலுவலகத்துக்கும் அணிகளுக்கும் கடிதம் எழுதி எழுதி 1982இல் இன்டர்னாக நுழைந்தார், ஆணையரானது 2006இல். அவருடைய அப்பா அமெரிக்க செனட்டராக இருந்தவர். அவருக்கே 24 ஆண்டுகள் ஆயின. ஆறு மாதத்தில் என்று உங்களிடம் சொல்கிறார்கள்!

உங்கள் கையில் மூன்று ஆண்டு விற்பனை அனுபவம் இருக்கிறது. அதுதான் உங்கள் சான்றிதழ். அணிகள், அரங்குகள், நிகழ்ச்சி நடத்தும் நிறுவனங்கள் ஆகியவற்றின் ஸ்பான்சர் பிரிவுக்கும் டிக்கெட் பிரிவுக்கும் நேரடியாக எழுதுங்கள். எத்தனை வாடிக்கையாளரைப் பிடித்தீர்கள், எத்தனை பேர் மறுபடி வந்தார்கள் என்று எண்ணிக்கையோடு எழுதுங்கள். ‘சிறு வயதிலிருந்தே விளையாட்டு ரசிகன்’ என்ற வரி வேண்டாம், எல்லோரும் அதைத்தான் எழுதுகிறார்கள்.

பணம் கட்டுவது முறையான இடம் ஒன்று உண்டு. இதைக் காட்டித்தான் குழப்புவார்கள் என்பதால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். கால்பந்து வீரர்களின் ஏஜெண்டாக, அதாவது அவர்கள் சார்பில் ஒப்பந்தம் பேசுபவராக, உலகக் கால்பந்துக் கூட்டமைப்பான ஃபிஃபாவின் உரிமம் வேண்டும். 2015இல் கைவிட்ட உரிம முறையைத் திரும்பக் கொண்டுவந்து, 2023 ஏப்ரலில் முதல் தேர்வை நடத்தினார்கள். 20 கேள்விகள், ஒரு மணி நேரம், தேர்ச்சிக்கு 75 சதவீதம். விண்ணப்பம் ஃபிஃபாவின் இணையதளத்தில்தான். உரிமம் தனிமனிதருக்குத்தான் கிடைக்கும், நிறுவனத்துக்குக் கிடையாது. ஆகவே ‘எங்கள் கம்பெனி உரிமத்தில் நீங்களும் ஏஜெண்ட்’ என்பது பொய். அதைவிட முக்கியம், ஒரு கிளப்பிலோ லீக்கிலோ ஊழியராக இருப்பவர் இந்த உரிமத்துக்குத் தகுதியில்லாதவர். நீங்கள் விரும்பும் நிர்வாகி வேலையும் ஏஜெண்ட் உரிமமும் சேர்ந்தே போகாது. இரண்டையும் ஒரே ‘பேக்கேஜ்’ என்று விற்பவருக்கு விதி தெரியாது, அல்லது தெரிந்தே ஏமாற்றுகிறார்.

இந்தத் தரகர்களை வளர்த்தது யார் என்றால், துறைதான். காலியிடத்தை வெளிப்படையாக அறிவிக்காமல் தெரிந்தவர் மூலமே நிரப்புகிறார்கள். மாதக்கணக்கில் சம்பளமில்லாமல் இன்டர்ன்களை வேலை வாங்குகிறார்கள். உள்ளே போக வழி தெரியாமல் நிற்கிற பிள்ளைகளிடம் ‘எனக்கு ஆள் தெரியும்’ என்று ஒருவன் சொன்னால் நம்பத்தானே செய்வார்கள்? இத்தனை ஆண்டுகளாகச் சொல்லிவிட்டேன், இன்னும் மாறவில்லை.

சரி, ஏற்கெனவே ஏதாவது கட்டிவிட்டீர்களா என்று நீங்கள் எழுதவில்லை. கட்டியிருந்தால் ரசீதையும் வாட்ஸ்அப் செய்திகளையும் அழிக்காதீர்கள். அவர்கள் பெயர் சொல்லும் லீக்கின் மனிதவளப் பிரிவுக்கு, லீக்கின் சொந்த இணையதளத்தில் உள்ள முகவரியில் எழுதி, இந்த ஏஜென்சியோடு தொடர்பு உண்டா என்று கேளுங்கள். இல்லை என்று பதில் வந்தால் அதை இணைத்துப் பணத்தை எழுத்து மூலம் திரும்பக் கேளுங்கள். தரவில்லையென்றால் அதே தாள்களோடு காவல் நிலையத்துக்குப் போங்கள்.