மலை அலுவலகக் கணினியைத் தொலைவிலிருந்து இயக்குவது: கேள்வி பதில்

அலுவலகங்களுக்கு நெட்வொர்க் அமைத்துத் தரும் குன்னூர்க்காரர் ஒருவர், நீலகிரியிலிருந்தும் கொடைக்கானலிலிருந்தும் வந்த கேள்விகளுக்கு அளித்த பதில்கள்.

கோத்தகிரி, தேயிலைத் தொழிற்சாலைக் கணக்கர்: ஐயா, முதலாளி கோயம்புத்தூரில் இருந்துகொண்டே தொழிற்சாலையின் டேலி கணினியைப் பார்க்க வேண்டும் என்கிறார். எனிடெஸ்க், டீம்வியூவர், விண்டோஸில் உள்ள ரிமோட் டெஸ்க்டாப் ஆகியவற்றில் எது நல்லது?

பதில்: அந்தக் கணினியில் இருப்பது விண்டோஸ் ஹோமா, புரோவா என்று முதலில் பாருங்கள். ஹோம் பதிப்பிலிருந்து வெளியே இணையலாமே தவிர, அதற்குள் ரிமோட் டெஸ்க்டாப் வழியாக யாரும் வர முடியாது. புரோவாக இருந்தாலும் ஒரு நேரத்தில் ஒருவர்தான் வேலை செய்ய முடியும். முதலாளி உள்ளே வந்தவுடன் உங்கள் திரை பூட்டிக்கொள்ளும். இலை எடைபோட்டு ரசீது கொடுத்துக்கொண்டிருக்கும் மாலை வேளையில் அப்படி நடந்தால் வெளியே வரிசையில் நிற்கும் விவசாயிகளுக்கு நீங்கள்தான் பதில் சொல்ல வேண்டியிருக்கும். எனிடெஸ்க்கிலும் டீம்வியூவரிலும் இருவரும் ஒரே திரையைப் பார்க்கலாம். ஆனால் அவை தனிப்பட்ட பயன்பாட்டுக்கு மட்டுமே இலவசம். தொழிற்சாலைக்குச் சந்தா கட்ட வேண்டும், கட்டாமல் ஓட்டினால் வணிகப் பயன்பாடு என்று கண்டுபிடித்து இணைப்பை இடையில் துண்டிப்பார்கள். சந்தா வேண்டாம் என்பவர்களுக்கு ரஸ்ட்டெஸ்க் உண்டு. திறமூல மென்பொருள், சொந்த சர்வரில் வைத்து நடத்தலாம், ஆனால் அந்த சர்வரைப் பராமரிக்க ஆள் வேண்டும்.

முதலாளி இரவில் மட்டும் பார்ப்பவர் என்றால், விபிஎன் (இணையத்தின் வழியே இரு கணினிகளுக்கு இடையே அமைக்கும் பூட்டிய தனிப்பாதை) அமைத்து அதற்குள் ரிமோட் டெஸ்க்டாப் போதும் என்பது என் கருத்து. எதை எடுத்தாலும் வெயில் நாளில் சோதித்துவிட்டு வாங்காதீர்கள். ஜூலை மழையில் ஃபைபர் அறுந்து, கைப்பேசி ஹாட்ஸ்பாட்டில் ஒரு கோடு சிக்னல் மட்டும் இருக்கும்போது லெட்ஜரின் எண்கள் தெளிவாகத் தெரிகின்றனவா என்று பாருங்கள். பின்னணிப் படத்தை நீக்கி, நிற அளவைக் குறைத்தாலே பெரும்பாலும் தேறிவிடும். ஒன்றை மட்டும் செய்யாதீர்கள்: ரவுட்டரில் 3389 என்ற போர்ட்டை, அதாவது ரிமோட் டெஸ்க்டாப் இணைப்பு வரும் வாசலை, இணையத்துக்குத் திறந்துவிடாதீர்கள்.

கூடலூர், மொத்த வியாபாரி: போர்ட் ஃபார்வர்டிங் (வெளியிலிருந்து வரும் இணைப்பை ரவுட்டர் கணினிக்கு அனுப்பும் அமைப்பு) செய்தும் வீட்டிலிருந்து கடைக் கணினி எட்டவில்லையே?

பதில்: ரவுட்டரின் அமைப்புப் பக்கத்தில் வேன் (WAN) முகவரியை, அதாவது இணைய நிறுவனம் ரவுட்டருக்குக் கொடுத்த முகவரியைப் பாருங்கள். அது 100.64 முதல் 100.127 வரையிலான எண்ணில் தொடங்கினால், ஒரே பொது முகவரியை இணைய நிறுவனம் பலருக்குப் பங்கிட்டிருக்கிறது. நீங்கள் எதைத் திறந்தாலும் வெளியிலிருந்து வர முடியாது. திறந்துவைக்க நினைத்தது எட்டாமல் போனது நல்லதே. இரு கணினிகளிலும் டெய்ல்ஸ்கேல் என்ற விபிஎன் மென்பொருளைப் போட்டுக்கொண்டால் ரவுட்டரைத் தொடாமலே இணையலாம்.

கொடைக்கானல், விடுதி மேலாளர்: மின்சாரம் போய் வந்தால் கணினி அணைந்தே கிடக்கிறது. யாராவது போய் பொத்தானை அழுத்த வேண்டியுள்ளது.

பதில்: பயாஸில் (விண்டோஸ் தொடங்கும் முன் திறக்கும் கணினியின் அடிப்படை அமைப்புப் பக்கம்), மின்சாரம் திரும்பியதும் தானாக இயங்கும்படி வைக்கும் அமைப்பு இருக்கும், அதை இயக்குங்கள். விண்டோஸில் ஸ்லீப்பை நிறுத்துங்கள். மோடத்துக்கும் யுபிஎஸ் கொடுங்கள்; பலர் கணினிக்கு மட்டும் கொடுத்துவிட்டு இணைப்பு இல்லை என்கிறார்கள்.

குன்னூர், ஏஜென்ட்: கோயம்புத்தூரில் இருப்பவர் ரசீது அச்சிடக் கொடுத்தால் அவர் வீட்டு பிரிண்டரில் வருகிறது!

பதில்: ரிமோட் டெஸ்க்டாப், அமர்ந்திருப்பவரின் பிரிண்டரையும் கூடவே கொண்டுபோகும். இணைக்கும்முன் 'லோக்கல் ரிசோர்சஸ்' பகுதியில் பிரிண்டர் குறியை எடுத்துவிடுங்கள்.

ஊட்டி, அலுவலக உதவியாளர்: எனிடெஸ்க் நல்லதா?

பதில்: முதல் பதிலைப் படியுங்கள்.

கோத்தகிரி, ஆசிரியை: வங்கியிலிருந்து பேசுவதாகச் சொல்லி எனிடெஸ்க் போடச் சொன்னார்கள் அண்ணா.

பதில்: போடாதீர்கள், அம்மா. எந்த வங்கியும் அப்படிக் கேட்காது. இதே மோசடி பற்றி ரிசர்வ் வங்கி 2019 பிப்ரவரியிலேயே எச்சரித்தது. ஏற்கெனவே போட்டிருந்தால் இணையத்தைத் துண்டித்துவிட்டு உடனே 1930 எண்ணை அழையுங்கள்.

குன்னூர், கடைக்காரர்: கேமராவைக் கைப்பேசியில் பார்ப்பது எப்படி?

பதில்: அது என் துறை இல்லை, பொருத்தியவரைக் கேளுங்கள்.

ஊட்டி, விடுதி உரிமையாளர்: 3389 பற்றி இவ்வளவு பயமுறுத்துகிறீர்கள். நான் போர்ட் எண்ணை 50123 என்று மாற்றித் திறந்து வைத்திருக்கிறேன். ஒன்றும் ஆகவில்லையே?

பதில்: முன்வாசலைப் பூட்டிவிட்டுக் கொல்லைக்கதவைத் திறந்துபோட்ட கதைதான் இது. 2013இல் மிச்சிகன் பல்கலைக்கழகத்தார் வெளியிட்ட இசட்மேப் கருவியே, ஒரு போர்ட்டை வைத்து ஐபிவி4 வகை முகவரிகள் கொண்ட மொத்த இணையத்தையும் 45 நிமிடத்துக்குள் துழாவிவிடும். விண்டோஸில் நடந்தவற்றின் பதிவுகளைக் காட்டும் ஈவென்ட் வியூவரில் செக்யூரிட்டி பதிவைத் திறந்து 4625 என்ற எண்ணைத் தேடுங்கள். அது தோல்வியடைந்த உள்நுழைவு முயற்சி.

கூடலூர், கணினி விற்பனையாளர்: விபிஎன்னும் ஒரு போர்ட்டைத் திறக்கத்தானே செய்கிறது? இரண்டும் ஒன்றுதானே?

பதில்: ஒன்றல்ல. வயர்கார்டு என்ற விபிஎன், சரியான சாவி இல்லாமல் வரும் தரவுப் பொட்டலத்துக்குப் பதிலே தருவதில்லை. துழாவுபவனுக்கு அங்கே எதுவும் இருப்பதாகத் தெரியாது. ரிமோட் டெஸ்க்டாப்போ யார் தட்டினாலும் பதில் கொடுக்கும். அதன் குறையையும் கணக்கில் வையுங்கள்: 2019 மே மாதம் மைக்ரோசாஃப்ட் சரிசெய்த புளூகீப் என்ற ஓட்டை, கடவுச்சொல்லே இல்லாமல் விண்டோஸ் 7இல் நுழைய வழிவிட்டது. அந்த ஓட்டை இருக்கும் வரை எவ்வளவு நீளமான கடவுச்சொல் வைத்திருந்தாலும் பயனில்லை.

கொடைக்கானல், விடுதி மேலாளர்: போர்ட்டை என் வீட்டு இணைய முகவரிக்கு மட்டும் திறந்தால்?

பதில்: வீட்டு இணைப்புக்கு நிலையான முகவரி வாங்கியிருந்தால் சரி. இல்லையென்றால் முகவரி மாறும்போது நீங்களே வெளியே நிற்பீர்கள்.

ஊட்டி, விடுதி உரிமையாளர்: 4625ஐப் பார்த்தேன். பக்கம் பக்கமாக இருக்கிறது. அட்மின், டெஸ்ட், அக்கவுண்ட்ஸ் என்று எங்களிடம் இல்லாத பெயர்களெல்லாம் வருகின்றன. இப்போது என்ன செய்வது?

பதில்: ஃபார்வர்டிங்கை இந்த நிமிடமே நீக்குங்கள். பிறகு 4624ஐத் தேடி, உங்களுக்குத் தெரியாத முகவரியிலிருந்து யாராவது வெற்றிகரமாக நுழைந்திருக்கிறார்களா என்று பாருங்கள். புதிய பயனர் கணக்குகள் முளைத்திருக்கின்றனவா என்றும் பாருங்கள். அப்படி ஒன்று தென்பட்டாலும் கணினியை நம்பாமல் விண்டோஸைப் புதிதாக நிறுவுங்கள். தென்படாவிட்டாலும் எல்லாக் கடவுச்சொற்களையும் வேறொரு கணினியிலிருந்து மாற்றுங்கள். முன்பதிவுக் கணக்கின் நகலை வெளி வட்டில் எடுத்து, வட்டைக் கழற்றி வையுங்கள். அதன்பின் விபிஎன் பற்றிக் கேளுங்கள், சொல்கிறேன்.