கிறிஸ்துமஸுக்கு நகையை அடகு வைக்காமல் இருக்க முடியாதா?

கேள்வி: நாங்கள் நாகர்கோவில் பக்கம் இருக்கிறோம். கணவருக்குத் தனியார் கம்பெனியில் 32,000 சம்பளம். நான் பள்ளியில் வேலை பார்க்கிறேன், 14,000. இரண்டு பிள்ளைகள். இந்தக் கிறிஸ்துமஸுக்கு மட்டும் 60,000 ரூபாய் செலவாகிவிட்டது. துணிமணி 22,000, இரண்டு பக்கத்துப் பிள்ளைகளுக்கும் பரிசு 14,000, பிரியாணி, விருந்து 10,000, கேக், பலகாரம் 9,000, ஸ்டார், சீரியல் லைட், மரம் 5,000. நவம்பரில் வளையலை அடகுக்கடையில் வைத்து நூற்றுக்கு இரண்டு ரூபாய் வட்டிக்கு 40,000 வாங்கினோம். தீபாவளிக்கு வந்த போனஸ் 18,000 எப்படிப் போனது என்றே தெரியவில்லை. பக்கத்து வீட்டு அக்கா கிறிஸ்துமஸ் சீட்டு பிடிக்கிறார், மாதம் 1,000 கட்டினால் டிசம்பரில் 15,000 ரூபாய்க்குச் சாமான் தருவாராம். ஜெர்மனியில் இருக்கும் நாத்தனார், இங்கே கிறிஸ்துமஸுக்கென்றே தனியாகச் சம்பளம் வரும் என்கிறார். வட்டியையும் சேர்த்து மாதம் 4,000 வரை எங்களால் எடுத்து வைக்க முடியும். சீட்டில் சேரலாமா? மற்ற நாடுகளில் எல்லாம் எப்படித்தான் சமாளிக்கிறார்கள்?

பதில்: சகோதரி, ஜனவரியிலேயே கேட்டீர்கள், அதற்கே முதலில் நன்றி. இந்தக் கேள்வி எனக்கு வழக்கமாக நவம்பர் கடைசியில்தான் வரும், அப்போது சொல்வதற்கு ஒன்றும் மிச்சம் இருக்காது. சீட்டு வேண்டாம். ஏன் என்று விவரமாகச் சொல்கிறேன், ஆனால் உங்கள் நாத்தனார் சொன்னதிலிருந்து தொடங்குகிறேன், ஏனென்றால் உங்கள் பிரச்சினையின் வேர் அதில்தான் இருக்கிறது.

அவர் சொன்னது உண்மைதான். ஜெர்மனியில் அது சட்டக் கட்டாயம் இல்லை, ஆனால் தொழிற்சங்க ஒப்பந்தம் உள்ள பல நிறுவனங்களில் நவம்பர் சம்பளத்தோடு கிறிஸ்துமஸ் பணம் என்று தனியாகத் தருகிறார்கள். பிலிப்பைன்ஸில் சட்டமே இருக்கிறது. 1975-ல் வந்த ஆணைப்படி, ஒருவர் அந்த ஆண்டில் வாங்கிய அடிப்படைச் சம்பளத்தில் பன்னிரண்டில் ஒரு பங்கை டிசம்பர் 24-க்குள் முதலாளி கொடுத்துவிட வேண்டும், பதிமூன்றாவது மாதச் சம்பளம் என்றுதான் அதற்குப் பெயர். மெக்சிகோவில் குறைந்தது 15 நாள் சம்பளம், டிசம்பர் 20-க்குள். பிரேசிலில் இரண்டு தவணை, நவம்பர் 30-க்குள் ஒன்று, டிசம்பர் 20-க்குள் இன்னொன்று. இந்த நாடுகளில் பலருக்கு நம்மைவிட வசதி அதிகம் என்று சொல்ல முடியாது, பிலிப்பைன்ஸ்காரர்கள் செப்டம்பர் பிறந்ததுமே கிறிஸ்துமஸ் பாட்டுப் போட ஆரம்பித்துவிடுவார்கள், டிசம்பர் 16 தொடங்கி ஒன்பது நாள் விடியற்காலைப் பூசைக்குப் போவார்கள், அத்தனை கொண்டாட்டமும் உண்டு. ஆனால் பணம் வேண்டிய நேரத்தில் வருகிறது.

நமக்கும் அந்தப் பணம் இல்லாமல் இல்லை. நம் போனஸ் சட்டம் சொல்லும் குறைந்தபட்ச அளவு 8.33 சதவீதம். நூறைப் பன்னிரண்டால் வகுத்துப் பாருங்கள், அதே 8.33. பிலிப்பைன்ஸ்காரர் வாங்கும் பங்கும் பன்னிரண்டில் ஒன்று, நம்முடையதும் அதுதான். (நம் சட்டத்தில் கணக்கிடும் சம்பளத்துக்கு உச்சவரம்பு இருப்பதால் கைக்கு வரும் தொகை குறையும், அது வேறு விஷயம்.) வித்தியாசம் தேதியில் இருக்கிறது. நம் ஊரில் போனஸ் தீபாவளிக்கு வருகிறது, உங்கள் பண்டிகை டிசம்பரில் வருகிறது. நடுவில் குறைந்தது ஆறு வாரம் பக்கம், சில ஆண்டு இரண்டு மாதத்துக்கு மேல்கூட. அந்த இடைவெளியில் 18,000 ரூபாய் சேமிப்புக் கணக்கில் சும்மா கிடந்தால் கரையத்தான் செய்யும். நீங்கள் ஊதாரி இல்லை சகோதரி, உங்கள் போனஸ் உங்கள் பண்டிகைக்கு முன்னாலேயே வந்துவிடுகிறது, அவ்வளவுதான். கிறிஸ்தவக் குடும்பங்கள் பலவற்றில் இதே கதையைப் பார்த்திருக்கிறேன், யாரும் இதை உட்கார்ந்து யோசிப்பதில்லை என்பதுதான் எனக்கு வருத்தம்.

இப்போது சீட்டு. பண்டிகைக்காக மாதாமாதம் சேர்ப்பது நல்ல பழக்கம், அதில் எனக்கு மாற்றுக் கருத்தே கிடையாது. அமெரிக்காவில் பென்சில்வேனியா மாநிலத்தின் கார்லைல் என்ற ஊரில் 1909-லேயே ஒரு வங்கி கிறிஸ்துமஸ் கிளப் என்று கணக்குத் தொடங்கியது. வாரம் ஒரு சிறு தொகை கட்டி வந்தால் டிசம்பரில் மொத்தமாகக் கையில் வரும். அந்த வழக்கம் நாடு முழுக்கப் பரவியது. உங்கள் பக்கத்து வீட்டு அக்கா செய்வதும் அதேதான், ஆனால் அங்கே பணம் வங்கியில் இருந்தது, இங்கே அவர் கையில் இருக்கிறது.

யார் கையில் இருக்கிறது என்பது எவ்வளவு பெரிய விஷயம் என்பதற்கு இங்கிலாந்தில் நடந்ததைச் சொல்கிறேன். ஃபேர்பாக் என்று ஒரு நிறுவனம், நம் ஊர்ச் சீட்டு மாதிரியேதான், வருடம் முழுக்கச் சிறுகச் சிறுகக் கட்டினால் கிறிஸ்துமஸுக்கு உணவுக் கூடையும் கடைகளில் பொருள் வாங்கும் வவுச்சரும் தருவார்கள். பணம் வசூலித்த ஏஜென்டுகளில் பெரும்பாலானவர்கள் அந்தந்தத் தெருவில் இருந்த பெண்கள், தங்கள் அக்கா தங்கை, தோழிகளிடம் வாங்கிக் கட்டியவர்கள். 2006 அக்டோபரில், கிறிஸ்துமஸுக்குப் பத்து வாரம் பக்கம் இருக்கும்போது, நிறுவனம் விழுந்துவிட்டது. ஏறக்குறைய ஒன்றரை லட்சம் பேரின் சேமிப்பு போனது, ஒருவருக்குச் சராசரியாக 400 பவுண்டு. கட்டிய பணம் தனிக் கணக்கில் இல்லை, தாய் நிறுவனத்தின் கடன்களோடு கலந்துவிட்டது, அதுதான் காரணம். பல ஆண்டு போராடி, கட்டியதில் ஒரு பகுதியைத்தான் மக்களால் திரும்ப வாங்க முடிந்தது. அந்த ஏஜென்ட் பெண்களை நினைத்தால் இன்றும் எனக்கு மனம் கனக்கிறது, அவர்கள் பணமும் போய், சொந்தக்காரர் முகத்தில் விழிக்கவும் முடியாமல் நின்றார்கள். யாரையும் ஏமாற்ற நினைத்தவர்கள் இல்லை அவர்கள். உங்கள் அக்காவும் நல்லவராகவே இருக்கலாம். நல்லவர் கையில் இருக்கும் பணத்துக்கும் காப்பீடு கிடையாது.

கணக்கையும் போட்டுப் பாருங்கள். மாதம் 1,000 வீதம் 12,000 கட்டுகிறீர்கள், 15,000-க்குச் சாமான் என்கிறார். முதல் மாதம் கட்டியது 12 மாதம் அவரிடம் இருக்கும், கடைசி மாதம் கட்டியது ஒரே மாதம்தான் இருக்கும், சராசரியாக ஆறரை மாதம். அதற்கு 3,000 ரூபாய் லாபம் என்றால் வருடத்துக்கு 46 சதவீத வட்டி. நேர்மையாகத் தொழில் செய்யும் யாராலும் இதை நிச்சயமாகத் தர முடியாது. ஒன்று, மொத்த விலைக்கு வாங்கிய சாமானை எம்ஆர்பி விலையில் கணக்குக் காட்டுவார். இல்லையென்றால் உங்கள் பணத்தை வேறெங்கோ வட்டிக்கு விடுவார், அங்கே ஒருவர் திருப்பித் தராவிட்டால் உங்கள் டிசம்பர் போச்சு. 1982 சிட் ஃபண்டு சட்டப்படி பதிவு செய்து நடத்தும் சீட்டு வேறு, இது வேறு. பதிவில்லாமல் பொதுமக்களிடம் டெபாசிட் திரட்டுவதைத் தடை செய்ய 2019-ல் தனிச் சட்டமே வந்திருக்கிறது. பக்கத்து வீட்டில் முகம் முறியக் கூடாது என்றால், இந்த வருடம் வங்கியில் போட ஆரம்பித்துவிட்டேன் அக்கா என்று சொல்லிவிடுங்கள், போதும்.

வங்கி ஆர்டியில், அதாவது மாதாமாதம் ஒரே தொகை கட்டும் தொடர் வைப்பில், வட்டி ஆறு, ஆறரை சதவீதம்தான். மாதம் 1,000 போட்டால் வருடக் கடைசியில் வட்டியாக 400 ரூபாய் சொச்சம் வரும். குறைவுதான், மறைக்கவில்லை. ஆனால் ஒரு வங்கியில் ஒருவருக்கு 5 லட்சம் வரை டெபாசிட் காப்பீடு உண்டு. ஒரு விஷயத்தை மட்டும் கவனியுங்கள். பிப்ரவரியில் 12 மாத ஆர்டி போட்டால் பணம் அடுத்த பிப்ரவரியில்தான் வரும், கிறிஸ்துமஸ் போய்விடும். நிறையப் பேர் இதில்தான் தவறுகிறார்கள். உங்களுக்கு வேண்டியது 9 மாத ஆர்டி, பிப்ரவரி தொடங்கி அக்டோபர் வரை கட்டினால் நவம்பரில் கைக்கு வரும். சில வங்கிகளில் குறைந்தது ஓராண்டு வேண்டும் என்பார்கள், கேட்டுவிட்டுப் போங்கள்.

ஆனால் ஆர்டிக்கும் முன்னால் வளையல். நூற்றுக்கு இரண்டு என்றால் வருடத்துக்கு 24 சதவீதம், மாதம் 800 ரூபாய், வருடம் 9,600. உங்கள் கேக், பலகாரச் செலவைவிட அதிகம், யோசித்துப் பாருங்கள். பொதுத்துறை வங்கியில் நகைக்கடன் வட்டி பெரும்பாலும் இதில் பாதிகூட இருக்காது. சொந்தத்தில் யாரிடமாவது ஒரு நாள் கைமாற்றாக 40,000 வாங்கி, காலையில் வளையலைத் திருப்பி, அன்றே வங்கியில் வைத்து, சாயங்காலமே அவர் பணத்தைக் கொடுத்துவிடுங்கள். நடுவில் எப்போது வேண்டுமானாலும் அசலைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கட்டலாமா என்று வங்கியில் முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள், அது முக்கியம்.

அப்புறம் அந்த 4,000-ஐ இரண்டாகப் பிரியுங்கள், 2,000 ஆர்டிக்கு, 2,000 நகைக்கடனுக்கு. வட்டி 10 சதவீதம் என்று வைத்துக்கொண்டால், பத்து மாதத்தில் கடன் 23,000-க்குள் வந்துவிடும். தீபாவளி போனஸ் 18,000 வந்த அன்றே அதையும் கடனில் கட்டுங்கள், ஒரு நாள்கூட வீட்டில் வைக்க வேண்டாம். நவம்பர் முடியும்போது பாக்கி 5,000-க்குள்தான் இருக்கும், அடுத்த இரண்டு மூன்று மாதத்தில் வளையல் கைக்கு வந்துவிடும். ஆர்டியில் வட்டியோடு 18,500 பக்கம் இருக்கும். இந்த வருடக் கிறிஸ்துமஸ் அதற்குள்தான். 60,000 எங்கே, 18,500 எங்கே என்று நீங்கள் கேட்பது எனக்குக் கேட்கிறது. ஒரு வருடம் மட்டும் பொறுத்துக்கொள்ளுங்கள், கடன் முடிந்த பிறகு மாதம் 4,000-மும் உங்களுடையது, போனஸும் உங்களுடையது, அடுத்த கிறிஸ்துமஸ் இதைவிட எவ்வளவோ தாராளமாக இருக்கும்.

எதைக் குறைப்பது? பரிசுதான் முதலில். ஜோயல் வால்ட்ஃபோகல் என்ற அமெரிக்கப் பொருளாதார அறிஞர் 1993-ல் எழுதிய ஓர் ஆய்வில், கிறிஸ்துமஸ் பரிசு வாங்கிய மாணவர்களிடம், இது உங்களுக்கு எவ்வளவு மதிப்பு என்று கேட்டுப் பார்த்திருக்கிறார். கொடுத்தவர் செலவழித்ததைவிடப் பத்து சதவீதத்திலிருந்து மூன்றில் ஒரு பங்கு வரை குறைவாகவே வந்தது. உங்கள் 14,000-த்தில் 4,600 ரூபாய் வரை யாருக்கும் சந்தோஷம் தராமலே போயிருக்கலாம். நம் ஊர் கல்லூரியிலும் ஆபீசிலும் கிறிஸ் மாம், கிறிஸ் சைல்டு என்று, யார் யாருக்குப் பரிசு தருவது எனச் சீட்டுக் குலுக்கிப் போடுகிறோமே, அதைக் குடும்பத்துக்குள் கொண்டுவாருங்கள். ஜெர்மனியிலும் இதே வழக்கம் உண்டு, நாத்தனாரே எடுத்துச் சொன்னால் இரண்டு வீட்டிலும் கேட்பார்கள். ஒரு பிள்ளைக்கு ஒரே பரிசு, 300 ரூபாய்க்குள். அது புத்தகமாக இருந்தால் எனக்கு ரொம்பச் சந்தோஷம். ஐஸ்லாந்தில் இரண்டாம் உலகப்போர்க் காலத்தில் வெளிநாட்டுச் சாமான் வரத்து சுருங்கியபோது காகிதத்துக்கு அவ்வளவு கட்டுப்பாடு இல்லை, அதனால் புத்தகமே பரிசாக மாறியது, இன்றைக்கும் கிறிஸ்துமஸ் என்றால் அங்கே புத்தகம்தான்.

அலங்காரம், மரம் எல்லாம் போன வருடத்ததையே எடுத்துக் கட்டுங்கள். இது இல்லாமல் கிறிஸ்துமஸா என்று தோன்றும் பல விஷயங்கள் உண்மையில் நேற்று வந்தவை. ஜப்பானில் கிறிஸ்தவர்கள் மிகக் குறைவு, டிசம்பர் 25 விடுமுறைகூட இல்லை, ஆனாலும் கிறிஸ்துமஸுக்குக் கேஎஃப்சி கோழிக்கு வாரக்கணக்கில் முன்பதிவு செய்து வாங்குகிறார்கள். அந்த வழக்கம் நாடு முழுக்கப் பரவியது 1974-ல் வந்த ஒரு விளம்பரத்தால்.

பலகாரத்தை மட்டும் விட்டுவிடாதீர்கள். முந்திரிக்கொத்தும் அச்சு முறுக்கும் பிள்ளைகளோடு உட்கார்ந்து வீட்டிலேயே செய்யுங்கள், 3,000-த்துக்குள் முடியும். விருந்தைப் பாதியாக்கி 5,000. ஜெர்மனியில் கிறிஸ்துமஸுக்கு முந்தைய இரவு பல வீடுகளில் உருளைக்கிழங்கு சாலடும் சாசேஜும்தான் சாப்பாடு, யாரும் அதைக் குறையாக நினைப்பதில்லை. துணி உங்கள் பிள்ளைகளுக்கும் இரண்டு பக்கத்துப் பெரியவர்களுக்கும் மட்டும், 7,000. உங்களுக்கும் கணவருக்கும் இந்த ஒரு வருடம் வேண்டாம். பரிசுக்கு 1,500. மிச்சம் 2,000, கோவில் காணிக்கைக்கும், கேரல் பாட வரும் பிள்ளைகளுக்கும், திடீரென்று வரும் செலவுக்கும்.

முதலில் அடகுக்கடை ரசீதை எடுத்து, எத்தனாம் தேதி வைத்தீர்கள் என்று பாருங்கள். பல கடைகளில் மாதம் பிறந்து ஒரு நாள் ஆனாலும் முழு மாத வட்டி வாங்குவார்கள், அந்தத் தேதிக்கு முந்தின நாள் வங்கிக்குப் போங்கள். ஆதார், பான், பாஸ்புக் மூன்றையும் கொண்டுபோனால் நகைக்கடன், ஆர்டி இரண்டு வேலையும் ஒரே நடையில் முடிந்துவிடும்.