வால்ஷ் எதில் தோற்றார்?

கேள்வி: 'ப்ளட் சிம்பிள்' படத்தில் துப்பறிவாளராக வரும் எம்.எம்மெட் வால்ஷைப் பற்றித் தேடிப் பார்த்தேன். சினிமா, டி.வி. என்று 200-க்கும் மேல் நடித்திருக்கிறார். ஆனால் ஹீரோ ஆகவே இல்லை. ஆஸ்கர் பரிந்துரைகூடக் கிடையாது. இத்தனை திறமை இருந்தும் கடைசிவரை மேலே வரமுடியாமல் போனவர் என்றுதானே சொல்ல வேண்டும்?

பதில்: இல்லை, அப்படிச் சொல்வது அநியாயம். போஸ்டரில் பெரிய எழுத்தில் பெயர் வருவதைத்தான் 'மேலே' என்கிறீர்கள் என்றால், வால்ஷ் அந்த வரிசையில் நிற்கவே இல்லை.

1935-இல் நியூயார்க் மாநிலத்தில் பிறந்து, வெர்மான்ட்டில் வளர்ந்தவர். சின்னப் பிள்ளையிலேயே இடது காது கேட்காமல் போய்விட்டது. கல்லூரியில் படித்தது வணிக நிர்வாகம். அப்புறம்தான் நடிப்புப் பயிற்சி, நாடக மேடை. சினிமாவில் தலைகாட்டத் தொடங்கியது 1969 வாக்கில், 34 வயதில். பருத்த உடம்பு, ஏறிய நெற்றி. இந்த மனிதர் 2024 மார்ச்சில், 89-ஆவது பிறந்த நாளுக்கு மூன்று நாள் முன்பு இறந்தார். 80 வயதைத் தாண்டியும் கேமரா முன் நின்றார். எத்தனை ஹீரோக்களுக்கு இது வாய்த்தது?

குணச்சித்திர நடிகரின் வேலை என்னவென்று 'ஆர்டினரி பீப்பிள்' (1980) படத்தில் பாருங்கள். தற்கொலைக்கு முயன்று, மனநல மருத்துவமனையில் இருந்துவிட்டு வந்த பையன். வால்ஷ் அவனுடைய நீச்சல் கோச். 'அங்கே உனக்கு ஷாக் கொடுத்தார்களா?' என்று ஏதோ சாப்பாட்டைப் பற்றி விசாரிப்பதுபோலக் கேட்கிறார். அவர் வில்லன் இல்லை, கெட்ட எண்ணமும் கிடையாது. ஆனால் அந்தப் பையனைச் சுற்றியிருக்கிறவர்களுக்கு அவன் வலி எவ்வளவு தூரம் புரியவில்லை என்பது அந்த ஒரு கேள்வியில் வந்துவிடுகிறது. ஹீரோவுக்கு இரண்டு மணி நேரம் இருக்கிறது. முதல் காட்சியில் ஒட்டாவிட்டால் அடுத்ததில் சரிசெய்துகொள்ளலாம். வால்ஷுக்கு அந்தச் சலுகை இல்லை. வந்து நின்றதுமே, அவர் அந்த வேலையை இருபது வருடமாகப் பார்க்கிறவர் என்று நாம் நம்பியாக வேண்டும். நம்பினோம்.

'ஸ்ட்ரெயிட் டைம்' (1978) படத்தில் டஸ்டின் ஹாஃப்மன் சிறையிலிருந்து பரோலில் வந்தவர், வால்ஷ் அவரைக் கண்காணிக்கும் பரோல் அதிகாரி. சிரித்துப் பேசியே கழுத்தை நெரிக்கிற அதிகாரம். ஒரு கட்டத்தில் ஹாஃப்மன் பொறுக்க முடியாமல், அவரை நெடுஞ்சாலை நடுவே இருக்கும் வேலியில் விலங்கிட்டு, கால்சட்டையையும் இறக்கிவிட்டுப் போகிறார். அந்த நடிப்பைப் பார்த்துத்தான் கோயன் சகோதரர்கள் தங்கள் முதல் படமான 'ப்ளட் சிம்பிள்' துப்பறிவாளரை வால்ஷுக்காகவே எழுதினார்கள். புது இயக்குநர்கள் ஒருவரை மனதில் வைத்து வேஷம் எழுதுவதைவிட ஒரு நடிகருக்கு என்ன மரியாதை வேண்டும்?

நீங்கள் அந்தப் படத்தின் முடிவைப் பார்த்திருக்கிறீர்கள். தான் சுட்டது கணவனை என்று நினைத்துக்கொண்டு கதாநாயகி கதவுக்கு அப்பால் பேசுகிறாள். குண்டு பட்டுக் குளியலறைத் தரையில் கிடக்கும் வால்ஷுக்கு அது கேட்கிறது. சாகப்போகிற மனிதர் வாய்விட்டுச் சிரிக்கிறார். மொத்தக் கதையின் குழப்பமும் தெரிந்த ஒரே ஆள் அவர்தான் என்பது அந்தச் சிரிப்பில் இருக்கிறது.

விருது பற்றிக் கேட்டீர்கள். 1986-இல், பெரிய ஸ்டுடியோக்களைச் சாராத படங்களுக்கான இண்டிபெண்டன்ட் ஸ்பிரிட் விருதுகள் முதல் முறையாக வழங்கப்பட்டபோது, சிறந்த நடிகருக்கான பரிசு இந்த வேஷத்துக்குத்தான் கிடைத்தது. துணை நடிகர் பிரிவில் அல்ல, முதன்மை நடிகர் பிரிவில்! விமர்சகர் ரோஜர் எபர்ட், வால்ஷோ ஹாரி டீன் ஸ்டான்டனோ துணை வேஷத்தில் வரும் எந்தப் படமும் முழுக்க மோசமாக இருக்காது என்று ஒரு விதியே வகுத்தார். (பிற்பாடு அவரே விதிவிலக்குகளையும் கண்டார், அது வேறு விஷயம்.)

'நைவ்ஸ் அவுட்' (2019) படப்பிடிப்புக்கு வால்ஷ் இரண்டு சாமான்களோடு வந்தார் என்று இயக்குநர் ரியான் ஜான்சன் சொல்லியிருக்கிறார். ஒன்று, தான் நடித்த படங்களின் பட்டியல். பொடி எழுத்தில் இரண்டு பத்தியாக ஒரு பக்கம் நிறைய. இன்னொன்று, ஒவ்வொன்றும் இரண்டு டாலர் மதிப்புள்ள நோட்டுகள். படக்குழுவில் அத்தனை பேருக்கும் ஆளுக்கொன்று கொடுத்து, 'இதைச் செலவழிக்காதே, கையில் காசில்லாமல் போகவே மாட்டாய்' என்றாராம். மேலே வரமுடியாத ஏக்கத்தில் இருந்தவர் அந்தப் பட்டியலைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு சுற்றியிருக்க மாட்டார்.

அடுத்து 'ஸ்ட்ரெயிட் டைம்' பாருங்கள். ஹாஃப்மனுக்காக ஒரு தடவை, வால்ஷுக்காக இன்னொரு தடவை.